பாதியில் நின்ற ரசிகர் கேம்: கையில் கிடைத்த பேட்ச் அசலா, போலியா?

கேள்வி: பழைய ஹார்டு டிஸ்க்கில் ஒரு ஜிப் கிடைத்தது. வெளிவராமலே கைவிடப்பட்ட, ரசிகர்கள் செய்த போக்கிமான் கேமின் டெமோ என்று பெயர். உள்ளே ஓர் ஐபிஎஸ் பேட்ச், அதாவது அசல் கேமை மாற்றும் சிறு கோப்பு. போக்கிமான் கிரிஸ்டல் கேமின் ரோம் (கேம் முழுவதும் அடங்கிய கோப்பு) மேல் போட்டால் வெள்ளைத் திரைதான் வருகிறது. போலியா?

பதில்: வெள்ளைத் திரையை வைத்து முடிவு கட்டாதீர்கள். முதலில் ஜிப்பை அப்படியே ஒரு பிரதி எடுத்து, அதன் ஷா-256 எண்ணை (கோப்பின் கைரேகை போன்றது) குறித்து வையுங்கள். பிரித்து மறுபடி சுருட்ட வேண்டாம். ஜிப்புக்குள் பதிவாகியிருக்கும் தேதிகள்தான் உங்களிடம் உள்ள முதல் சாட்சி. அதையும் திருத்த முடியும் என்பது வேறு விஷயம்.

ஐபிஎஸ் என்பது 'இந்த இடத்தில் இந்த பைட்டுகளை எழுது' என்ற பட்டியல் மட்டுமே. எந்த ரோம் என்று அது கேட்காது. பிபிஎஸ் என்ற வேறு வகை பேட்ச் என்றால் மூல ரோமின் சிஆர்சி-32 என்ற சரிபார்ப்பு எண் உள்ளேயே இருக்கும், பொருந்தாவிட்டால் கத்தும். கிரிஸ்டலின் அமெரிக்கப் பதிப்பில் 1.0, 1.1 என இரண்டு உண்டு. இரண்டும் 2 எம்பிதான், அளவைப் பார்த்துக் கண்டுபிடிக்க முடியாது. ஹெக்ஸ் எடிட்டரில் (கோப்பின் பைட்டுகளை அப்படியே காட்டும் மென்பொருள்) 14சி என்ற இடத்தைப் பாருங்கள்: 00 என்றால் 1.0, 01 என்றால் 1.1. பேட்சை மற்றப் பதிப்பின் மேல் போட்டுப் பாருங்கள். அப்படியும் வராவிட்டால் எமுலேட்டரை (கேமைக் கணினியில் ஓட்டும் மென்பொருள்) மாற்றுங்கள். பழைய ஹேக்குகள் (ரசிகர்கள் மாற்றிய கேம்கள்) பல விஷுவல்பாய் அட்வான்ஸ் என்ற எமுலேட்டரில் மட்டும் சோதித்தவை; துல்லியமான எமுலேட்டரில் படுத்துவிடும்.

அடுத்து பேட்சின் அளவு. நாலைந்து கேபி என்றால் தலைப்புத் திரையும் சில வசனங்களும் மாறியிருக்கும், அவ்வளவுதான். போலிகளில் பெரும்பாலானவை இந்த ரகம். புது ஊர் பெயர்களைத் தேட நினைத்தால், சாதாரண எழுத்துத் தேடல் உதவாது: இந்த கேமில் ஆங்கில 'ஏ' என்பது கணினிகளின் வழக்கமான ஆஸ்கி குறியீட்டின் 41 அல்ல, 80 (இரண்டும் ஹெக்ஸ் எண்கள்). அதற்கான எழுத்து அட்டவணைக் கோப்பை எடிட்டரில் ஏற்றிய பிறகு தேடுங்கள். ரோமில் கேமின் பெயர் பதிவாகும் தலைப்புப் பகுதியில் கிரிஸ்டலின் பெயரே இருந்தால் பதறாதீர்கள், பல ஹேக்குகள் அதைத் தொடுவதே இல்லை.

கைவிடப்பட்ட ரசிகர் கேம்களைத் தேடும் மோகத்துக்குத் தீனி போட்டது பிரிசம் என்ற போக்கிமான் ரசிகர் கேம். 2016 டிசம்பரில், வெளியீட்டுக்குச் சில நாள் முன்பு நிண்டெண்டோவின் வழக்கறிஞர் கடிதம் வந்து வெளியீடு நின்றது; சில நாளிலேயே கேம் கசிந்தும் விட்டது. டிரெய்லர் மட்டும் மிஞ்சிய கேம்களுக்கு அந்த அதிர்ஷ்டமில்லை. மிச்சத்தை ரசிகர்களின் கற்பனை நிரப்புகிறது, அந்த இடத்தில்தான் போலிகள் நுழைகின்றன.

அசல் என்று தோன்றினால், பேட்ச் போட்ட ரோமைப் பகிராதீர்கள். ஜிப், ஷா-256, எந்தப் பதிப்பு ரோமில் ஓடியது என்ற ஒரு வரி, இவை போதும்.