சும்மாதான் இருக்கா – கடிதமும் பதிலும்

அன்புள்ள ஐயா,

வணக்கம். நான் சமூகவியலில் முனைவர் பட்ட ஆய்வு செய்கிறேன். திருப்பூர்ப் பக்கம் பனியன் கம்பெனிகளில் வேலை பார்த்து, கல்யாணம், குழந்தை என்று ஆனபிறகு நின்றுவிட்ட நாற்பது பெண்களிடம் பேசியிருக்கிறேன். "இவர்கள் வேலையை விடவில்லை, வேலைதான் இடம் மாறியிருக்கிறது" என்று அத்தியாயத்தில் ஒரு வரி எழுதியிருந்தேன். என் நெறியாளர் அதைச் சிவப்பு மையால் அடித்துவிட்டு, "இது உன் விழுமியம், ஆய்வு அல்ல. வெபரைப் படி" என்று ஓரத்தில் எழுதியிருக்கிறார். சமூகவியலின் முன்னோடிகளில் ஒருவரான ஜெர்மானியர் மாக்ஸ் வெபரைத்தான் சொல்கிறார். வருகிற கூலியையும் குழந்தையைப் பார்த்துக்கொள்ள ஆகும் செலவையும் கணக்குப் போட்டு அவர்கள் எடுத்த பகுத்தறிவான முடிவு அது, அதற்கு மேல் சொல்ல ஆய்வாளருக்கு உரிமை இல்லை என்பது அவர் வாதம். நண்பர்களோ, புறவய உண்மை என்று ஒன்றுமே கிடையாது, எண்கள் எல்லாம் அதிகாரத்தின் எண்கள், தைரியமாக எழுது என்கிறார்கள். வெறும் எண்கள்மீது எனக்கும் நம்பிக்கை போய்க்கொண்டிருக்கிறது. அந்த வரியை வைக்கவா, எடுக்கவா? இதையே தமிழில் புத்தகமாகக் கொண்டுவந்தால் படிப்பார்களா?

ம.

அன்புள்ள ம.,

போன வாரம் சொந்தத்தில் ஒரு கல்யாணம். பக்கத்தில் உட்கார்ந்திருந்த அம்மாளிடம் மருமகளைப் பற்றி யாரோ விசாரித்தார்கள். "எம்.காம். படிச்சவ. இப்ப சும்மாதான் இருக்கா" என்றார். அந்த மருமகள் இடுப்பில் குழந்தையோடு வாசலில் நின்று, போகிறவர்களுக்குத் தாம்பூலப் பை கொடுத்துக்கொண்டிருந்தாள். விடியற்காலை நாலு மணிக்கு வந்தவள். அன்றிலிருந்து இந்த 'சும்மா' என் காதை விட்டுப் போகவில்லை. அந்த நேரம் பார்த்து உங்கள் கடிதம் வந்தது.

தொண்ணூறுகளின் நடுவில், வேறு வேலை கிடைக்காத காலத்தில், ஓர் ஆய்வு நிறுவனத்துக்காக வீடு வீடாகப் படிவம் நிரப்பப் போனேன். திருநெல்வேலி மாவட்டத்தில், மலையடிவாரத்தை ஒட்டிய ஒரு கிராமம். பீடி சுற்றுகிற ஊர். யார் என்ன வேலை பார்க்கிறார்கள் என்று அரசு வீடு வீடாகக் கேட்டு எடுக்கும் தேசிய மாதிரி ஆய்வின் குறியீடுகளைத்தான் எங்கள் படிவத்திலும் போட்டிருந்தார்கள். வீட்டு வேலை மட்டும் செய்கிறவர் என்றால் 92. அதோடு விறகு, கீரை, மாட்டுத் தீவனம் சேகரிப்பது, வீட்டுக்குத் தைப்பது போன்றவையும் செய்தால் 93. இரண்டுமே உழைக்கும் மக்கள் கணக்கில் சேராதவை.

ஒரு வீட்டுத் திண்ணையில் மாமியார்க்காரி உட்கார்ந்து பதில் சொன்னார். பீடிக் கடை பாஸ் புத்தகம் அவர் பெயரில் இருந்தது. "மருமக?" என்றேன். "அவ சும்மாதான் இருக்கா. எழுதிக்கிடுங்க தம்பி." வாசல்நடைக்கு உள்ளே அந்தப் பெண் இருந்தாள். மடியில் சொளகு. சொளகில் தூளும், நனைத்து வெட்டிய இலையும், நூல்கண்டும். இலையில் தூளைப் பரப்பி உருட்டி, நுனியை மடக்கி, நூலைச் சுற்றி அறுத்து ஒரு பீடியைப் போட அவளுக்கு அரை நிமிடம்கூட ஆகவில்லை. தலை நிமிரவே இல்லை. நான் பார்த்துக்கொண்டே இருந்தேன். பார்த்துக்கொண்டே 92 என்று எழுதினேன்.

கவனியுங்கள், அந்தப் படிவத்தின் விதிப்படியே அது தவறு. கூலிக்குப் பீடி சுற்றுவது வேலை என்று விதியிலேயே இருக்கிறது. என்னைத் தவறாக எழுதவைத்தது விதியல்ல, 'சும்மா' என்கிற சொல். அது மாமியார் வாயிலிருந்து வந்தது, என் அம்மாவைப் பற்றி எங்கள் வீட்டிலும் புழங்கியது, அதனால் எனக்கு உறுத்தவே இல்லை. விழுமியம் என்று உங்கள் நெறியாளர் சொல்கிறாரே, அது முடிவுரையில் வந்து உட்காரும் விருந்தாளி அல்ல. திண்ணையிலேயே உட்கார்ந்திருக்கிறது. யாரிடம் கேட்கிறோம், எந்தச் சொல்லால் கேட்கிறோம் என்பதற்குள் அது எப்போதோ நுழைந்துவிடுகிறது.

வெபரையே எடுத்துக்கொள்வோம். 1892-ல், இளைஞராக, ஜெர்மனியில் எல்பே நதிக்குக் கிழக்கே இருந்த பண்ணைத் தொழிலாளர்களைப் பற்றி அவர் ஒரு பெரிய அறிக்கை எழுதினார். அதற்கான வினாப் படிவங்கள் யாருக்குப் போயின தெரியுமா? நிலவுடைமையாளர்களுக்கு. கூலியாளின் வாழ்க்கையை முதலாளி எழுதி அனுப்பினார். மருமகளைப் பற்றி மாமியார் சொன்ன மாதிரியேதான். அந்தக் குறை வெபருக்கும் தெரிந்திருந்தது; அடுத்த ஆய்வில் ஊர்ப் பாதிரியார்களிடம் கேட்டார்கள். அப்போதும் கூலியாளை நேரடியாகக் கேட்கவில்லை.

அதே வெபர் 1904-ல் எழுதிய கட்டுரையில் தெளிவாகச் சொல்கிறார்: உலகத்தில் எண்ணற்ற விஷயங்கள் நடக்கின்றன, அவற்றில் எது ஆராயத் தகுந்தது என்று நமக்குக் காட்டுவதே நம் விழுமியங்கள்தான். 1917 நவம்பரில் மியூனிக்கில் மாணவர்கள்முன் பேசியபோது அவர் கண்டித்தது வேறொன்றை. மாணவர்கள் எதிர்த்துப் பேச முடியாத வகுப்பறையில் மேடையேறி அரசியல் போதிக்கும் ஆசிரியரைக் கண்டித்தார். தன் கட்சிக்குச் சங்கடமான உண்மைகளை ஒப்புக்கொள்ளப் பழக்குவதே ஆசிரியரின் முதல் கடமை என்றும் சொன்னார். விழுமியமே இருக்கக் கூடாது என்று வெபர் சொன்னதாகச் சொல்கிறவர்கள் அவரைப் படித்தவர்கள் அல்லர். உங்கள் நெறியாளரைச் சொல்கிறேன் என்று எண்ணவேண்டாம், உங்களையும் சேர்த்துத்தான் சொல்கிறேன். ஓரக் குறிப்பில் ஒரு பெயரைப் பார்த்ததும் எனக்குக் கடிதம் எழுத உட்கார்ந்துவிட்டீர்கள். முதலில் அந்த உரையை எடுத்துப் படித்திருக்க வேண்டாமா? ஒரு மாலைப்பொழுது போதும்.

நண்பர்கள் சொல்வதற்குப் பதிலே தேவையில்லை. எல்லா எண்ணும் பொய் என்றால் உங்கள் நாற்பதும் பொய்தான்.

ஆனால் 'வெறும் எண்கள்' என்று நீங்களும் எழுதியிருக்கிறீர்களே, அதை என்னால் சும்மா விடமுடியாது. கதையின் மீதியையும் கேளுங்கள்.

அன்று ராத்திரி அந்த 92 என்னைத் தூங்கவிடவில்லை. மறுநாள் மலையை ஒட்டிய தெருவுக்குப் போனேன். பெண்கள் விறகுக்கட்டோடு இறங்கிவந்தார்கள். கழுத்து நரம்பு புடைத்திருந்தது. அடுப்பெரிக்க வீட்டுக்குத்தான், விற்க அல்ல. விதிப்படி 93. நான் எழுதவில்லை. பதினாலு வீட்டிலும் அந்தப் பெண்களைச் சுயதொழில் செய்கிறவர்கள் என்று 11 போட்டேன். நெஞ்சு நிறைந்து திரும்பினேன். நியாயம் செய்துவிட்டதாக நினைப்பு.

எங்கள் மேற்பார்வையாளர் வயதானவர், அதிகம் பேசமாட்டார். படிவங்களைப் புரட்டிக்கொண்டே வந்தவர் கண்ணாடியைக் கழற்றினார். "தம்பி, இந்தப் பதினாலு வீட்டுல மட்டும் எல்லாப் பொம்பளையும் தொழில் பாக்கா. பக்கத்து ஊர்ல ஒருத்தி பாக்கல. ஊருக்கு ஊர் உலகம் மாறுதா, எழுதுதவன் மாறுதானா?" எனக்குக் கோபம் வந்தது. அவர்கள் சுமக்கிற கட்டைத் தூக்கிப் பார்த்தீர்களா என்று கத்தினேன். அவர் குரலை உயர்த்தவில்லை. "தூக்கியிருக்கேன். எங்கம்மையும் மலைக்குப் போனவதான். கோடு தப்புன்னா கோடு போட்டவன்கிட்ட போய்ச் சண்டை போடு. ராத்திரி பேனாவால அழிக்காதே. நீ அழிச்சா நாளைக்கு இன்னொருத்தன் அவன் மனசுப்படி அழிப்பான். அவன் மனசு எப்படியோ?"

ம., முப்பது வருஷமாக இதைச் சொல்லிக்கொண்டிருக்கிறேன். பகுத்தறிவு என்றால் கடவுள் இல்லை என்பது என்று நம் ஊரில் சுருக்கிவிட்டோம். சொல்லுக்குள்ளேயே 'பகுத்தல்' இருக்கிறது. கோட்டை எங்கே போட்டுப் பகுக்கிறோம் என்பதை நம் விழுமியம் முடிவுசெய்கிறது. போட்டபிறகு நமக்குப் பிடித்தவருக்கும் பிடிக்காதவருக்கும் ஒரே கோட்டை வைத்து அளப்பதுதான் அறிவு. இரண்டில் ஒன்று இல்லாவிட்டாலும் அந்த விறகுக்கட்டின் கனம் எந்தக் கணக்கிலும் ஏறாது.

அந்தக் கோடு எங்கே ஓடுகிறது பாருங்கள். தேசிய மாதிரி ஆய்வின் விதிப்படி, வீட்டுச் சாப்பாட்டுக்கு நெல் விளைவித்தால் அது பொருளாதார நடவடிக்கை. அதே நெல்லை வீட்டுக்காகக் குத்திப் புடைத்தால் இல்லை. நெல் களத்தைத் தாண்டி அடுக்களைக்குள் வந்ததும் வேலை வேலையாக இல்லாமல் போய்விடுகிறது! இயற்கையா இப்படி வகுத்தது? ஒரு மேசையைச் சுற்றி உட்கார்ந்தவர்கள் வகுத்தது. அதனால்தான் மாற்றவும் முடிகிறது. ஐ.நா.வின் 1993-ஆம் ஆண்டு தேசியக் கணக்கு முறை, தண்ணீர் சுமப்பதை உற்பத்திக்குள் சேர்த்தது. 2013-ல் ஜெனீவாவில் கூடிய உலகத் தொழிலாளர் புள்ளியியலாளர் மாநாடு, சொந்த வீட்டுக்குச் செய்தாலும் வேலை வேலைதான், சம்பளத்துக்குச் செய்வது அதில் ஒரு பகுதி என்று வரையறையையே திருத்தியது.

1934-ல் அமெரிக்க செனட்டுக்கு முதன்முதலாக நாட்டு வருமானக் கணக்கைக் கொடுத்த சைமன் குஸ்நெட்ஸ், வீட்டுப் பெண்களின் உழைப்பை இதில் சேர்க்கவில்லை, மதிப்பிட நம்பகமான அடிப்படை இல்லை என்று அறிக்கையிலேயே எழுதிவைத்தார். விட்டதைச் சொல்லிவிட்டு விட்டார். அந்த நேர்மைக்கு நான் தலைவணங்குவேன். பின்னால் வந்தவர்கள் எண்ணை எடுத்துக்கொண்டார்கள், அந்தக் குறிப்பைத் தொலைத்துவிட்டார்கள். நம் 2001 மக்கள்தொகைக் கணக்கெடுப்பில் சுமார் 36 கோடிப் பெண்கள் உழைக்காதவர்கள் பட்டியலில் இருந்தார்கள். பிச்சை எடுப்பவர்கள், சிறைக்கைதிகளோடு ஒரே வகையில். உச்ச நீதிமன்றம்தான் 2010-ல் ஒரு விபத்து இழப்பீட்டு வழக்கில் அதைக் கண்டித்தது.

அந்தப் பட்டியலை மறுத்துப் பேச நமக்கு எது கை கொடுத்தது? எண்தான். 2019-ல் அரசு நடத்திய நேரப் பயன்பாட்டு ஆய்வு வேலைக்குப் போகிறீர்களா என்று மட்டும் கேட்டு நிற்கவில்லை. நேற்று காலை நாலு மணியிலிருந்து இன்று காலை நாலு மணிவரை என்ன செய்தீர்கள் என்று அரைமணி அரைமணியாகக் கேட்டது. சம்பளமில்லாத வீட்டு வேலையில் ஈடுபட்ட பெண்களுக்கு ஒரு நாளில் சராசரி 299 நிமிடம். ஆண்களில் ஈடுபட்டவர்களே 26 சதவீதம். அவர்களுக்கு 97 நிமிடம். நான் எழுதிய எந்தக் கதையும் செய்யாததை இந்த 299 செய்திருக்கிறது. இதை வெறும் எண் என்பீர்களா?

சங்கடமான எண்ணும் இருக்கிறது. 15 வயதுக்கு மேற்பட்ட பெண்களின் உழைப்புப் பங்கேற்பு 2017-18-ல் 23.3 சதவீதம், 2023-24-ல் 41.7. பெண்கள் வேலையிலிருந்து விலகிக்கொண்டே இருக்கிறார்கள் என்று நான் மேடையில் பேசிவந்தவன். இந்த எண் வந்ததும் பொய் என்று தள்ளத்தான் கை போனது. உட்கார்ந்து பார்த்தேன். கூடுதலில் பெரும்பகுதி கிராமத்தில், சுயதொழிலில், குடும்பத் தொழிலில் சம்பளமில்லாமல் கைகொடுப்பவர்களிடம் இருந்தது. படிவத்தில் இவர்களுக்குக் குறியீடு 21. 92-க்கும் 21-க்கும் நடுவே ஓடுகிற அதே கோடு. பாதி கொண்டாடவேண்டியது, பாதி விசாரிக்கவேண்டியது. பழைய பேச்சை நிறுத்திக்கொண்டேன்.

பகுத்தறிவான முடிவு என்று உங்கள் நெறியாளர் சொல்வது தவறில்லை, அரைகுறை. குழந்தையைப் பார்க்க ஆகும் செலவை ஏன் அவள் கூலியில் மட்டும் கழிக்கிறார்கள்? அவன் கூலியில் ஏன் கழிக்கவில்லை? கணக்கு சரிதான், யார் பெயரில் எழுதினார்கள் என்பதில்தான் விஷயம் இருக்கிறது. கைக்குழந்தையை அடுத்தவரிடம் விட மனசு வரவில்லை என்று ஒருத்தி சொன்னால் அது கணக்கே அல்ல, ஆனாலும் அறிவுள்ள காரணம்தான். வெபரே இந்த இரண்டையும் தனித்தனியாகப் பிரித்து வைத்திருக்கிறார். உங்கள் நாற்பது பேரில் யார் எந்தக் காரணத்தைச் சொன்னார்கள் என்று கடிதத்தில் ஒரு வார்த்தை இல்லை. அந்தக் கணவர்களில் ஒருவரிடமாவது பேசினீர்களா?

மறுபடி அந்தப் பதினைந்து வீட்டுக்கும் போனேன். பீடி வீட்டில் மாமியார் சந்தைக்குப் போயிருந்தார். காலையில் எந்திரிச்சதிலிருந்து என்ன செய்தாய் என்று மருமகளிடமே கேட்டேன். சொல்லிக்கொண்டே போனாள், படிவத்தில் இடம் போதவில்லை, பின்பக்கம் எழுதினேன். விறகுத் தெருவில் பதினாலு 11-ஐயும் அடித்துவிட்டு 93 போட்டேன். அது என் கை செய்த வேலைகளிலேயே கடினமானது. கூடவே, இந்தக் குறியீடு இவர்கள் உழைப்பைக் காட்டவில்லை என்று தனித்தாளில் எழுதி, கையெழுத்துப் போட்டு இணைத்தேன். மேற்பார்வையாளர் அதன் கீழே தன் கையெழுத்தையும் போட்டு அனுப்பினார்.

உங்கள் வரியை எடுக்கவேண்டாம். ஆனால் அது இருக்கவேண்டிய இடம் முதல் அத்தியாயம். நான் இதைத்தான் வேலை என்று கொள்கிறேன், இன்ன காரணத்தால், அரசுக் குறியீட்டிலிருந்து இந்த இடத்தில் விலகுகிறேன் என்று பளிச்சென்று எழுதுங்கள். பிறகு நாற்பது பேரையும் இரண்டு கோட்டாலும் எண்ணிக் காட்டுங்கள். நெறியாளரிடம் கோபப்படாமல் போய்ப் பேசுங்கள் அம்மா; சிவப்பு மையால் அடிக்கிற அளவுக்காவது படித்திருக்கிறாரே. புத்தகத்தைப் பிறகு பார்த்துக்கொள்ளலாம்.

அதற்கு முன்னால் உங்கள் வினாப் படிவத்தை எனக்கு அனுப்புங்கள். பதில்கள் வேண்டாம், கேள்விகள் மட்டும். அந்தப் பெண்களிடம் 'வேலை' என்கிற சொல்லை முதலில் சொன்னது நீங்களா அவர்களா என்று எனக்குப் பார்க்கவேண்டும்.