‘வெறும்’ அரேஞ்சர்

அன்புள்ள ஐயா,

‘விக்டரி அட் ஸீ’ என்ற, இரண்டாம் உலகப் போரின் கடற்போர்களைப் பற்றிய பழைய அமெரிக்க ஆவணத் தொடரை அண்மையில் பார்த்து முடித்தேன். அந்த இசை இன்னும் காதை விட்டுப் போகவில்லை. டைட்டிலில் ரிச்சர்ட் ராட்ஜர்ஸ் பெயர் வருகிறது. ஆனால் இசை உண்மையில் ராபர்ட் ரஸ்ஸல் பென்னட்டுடையது என்கிறார் நண்பர். பென்னட் வெறும் அரேஞ்சர்தானே? அடுத்தவர் மெட்டுக்கு வாத்தியம் சேர்த்தவரை இசையமைப்பாளர் என்று எப்படிச் சொல்வது?

கே.

அன்புள்ள கே.,

அந்த ‘வெறும்’தான் இடிக்கிறது.

1952 அக்டோபர் முதல் அடுத்த மே வரை என்.பி.சி. என்ற அமெரிக்கத் தொலைக்காட்சியில் வந்த தொடர் அது. அரை மணி நேரமாக 26 பகுதிகள். ராட்ஜர்ஸ் கொடுத்தவை 12 மெட்டுகள், பியானோவில் வாசித்தால் ஒவ்வொன்றும் ஓரிரு நிமிடம் வரும். அத்தனையையும் கோர்த்தாலும் ஒரு பகுதிக்கே இழுபறிதான். மிச்சத்தை எழுதியவர் பென்னட். மெட்டுகளை நீட்டினார், உடைத்தார், ஒன்றுக்குள் ஒன்றை நுழைத்தார். போதாத இடத்தில் சொந்தமாகவே எழுதினார்.

போர்முனையில் எடுத்த படச்சுருள்களில் பெரும்பாலும் ஒலி கிடையாது என்பதையும் யோசியுங்கள். பேசுவதற்கு நடிகர்கள் இல்லை. வர்ணனைக் குரல், பிற்பாடு சேர்த்த வெடிச்சத்தம், இசை, அவ்வளவுதான். வெட்டி ஒட்டிய துண்டு நாற்பது விநாடி என்றால் இசையும் நாற்பது விநாடியில் முடிந்தாக வேண்டும். குரல் வரும்போது வாத்தியங்கள் பதுங்க வேண்டும், குரல் ஓய்ந்ததும் எழ வேண்டும். தொடக்கத்தில் திரை முழுக்கக் கடல் வருகிறதே, அங்கே கேளுங்கள். அலையோடு சேர்ந்து இசையும் ஏறி இறங்கும். (சில பகுதிகளில் ஊதுகருவிகள் தேவைக்கு மேல் முழங்குகின்றன என்பதும் என் எண்ணம். வென்றவர்கள் எடுத்த படம், வேறெப்படி இருக்கும்?)

தொடரில் வரும் ‘பினீத் த சதர்ன் கிராஸ்’ என்ற டாங்கோ நடன இசை நினைவிருக்கிறதா? ராட்ஜர்ஸ் அதே மெட்டை 1953இல் ‘மீ அண்ட் ஜூலியட்’ என்ற மேடை இசை நாடகத்துக்குக் கொண்டுபோனார். பாடலாசிரியர் ஹாமர்ஸ்டைனின் வரிகளோடு ‘நோ அதர் லவ்’ என்ற காதல் பாட்டானது. பாட்டாகக் கேட்டால் அதில் கப்பலும் இல்லை, கடலும் இல்லை.

அதற்காக ராட்ஜர்ஸைத் திருடன் என்று சொல்லிவிடாதீர்கள். மெட்டுகள் அவருடையவைதான், நல்ல மெட்டுகள். தன் இசையை அது இருந்ததைவிட மேலாக ஒலிக்கவைத்தவர் பென்னட் என்று தன்வரலாற்றில் அவரே எழுதியிருக்கிறார்.

பென்னட் 1894இல் கான்ஸாஸ் சிட்டியில் பிறந்தவர். பாரிஸில் நாடியா பூலான்ஜே என்ற புகழ்பெற்ற இசை ஆசிரியையிடம் படித்தார், சிம்பனிகள் எழுதினார். ‘ஓக்லஹோமா!’, ‘மை ஃபேர் லேடி’ என்று நியூயார்க்கின் நாடக மேடைகளான பிராட்வேயில் அவர் கைபட்டவை ஏராளம். அங்கெல்லாம் பெயர் மற்றவர்களுக்கே போனது. ‘விக்டரி அட் ஸீ’க்குப் பிறகு என்.பி.சி.யின் ‘புராஜெக்ட் ட்வென்டி’ வரலாற்று ஆவணப்படங்களுக்குத் தன் பெயரிலேயே இசையமைத்தார். அதில் 1959இல் வந்த ‘மீட் மிஸ்டர் லிங்கன்’ முழுக்கப் பழைய புகைப்படங்களால் ஆனது. கேமரா ஒரு முகத்தின் மேல் மெல்ல ஊர்ந்து போகும், படத்தில் வேறு அசைவே இருக்காது. ராட்ஜர்ஸின் மெட்டும் கிடையாது. அதைக் கேட்டுவிட்டு மறுபடி எழுதுங்கள்.