பாவு வராத தறியும் பையனின் வேலையும்

கேள்வி: சோமனூர் பக்கம் எட்டுத் தறி வைத்துக் கூலிக்கு ஓட்டுகிறோம். மகனுக்கு 26 வயது. அனிமேஷன் படித்துவிட்டு ஐந்து வருடத்தில் மூன்று கம்பெனி மாறினான். இப்போது வேலை போய் வீட்டில் இருக்கிறான். கேட்டால் "இந்தத் தொழிலே இப்படித்தாம்மா" என்கிறான். பெண் பார்க்கப் போன இடத்தில், "பையன் ஓரிடத்துல நிக்க மாட்டானாட்டம் இருக்குதுங்க" என்று சொல்லிவிட்டார்கள். பேசாமல் தறிக்கே கூட்டிக்கொள்ளலாமா?

பதில்: தம்பி சொல்வது பொய்யில்லைங்கம்மா. தறியில் நீளவாக்கில் ஓடும் பாவு நூலை உங்களுக்குக் கொடுப்பவர் நிறுத்தினால் எட்டுத் தறியும் நிற்கும். அதற்குத் தறிக்காரரையா குறை சொல்வார்கள்? நம் ஊர் கிராஃபிக்ஸ் கம்பெனிகள் பலவும் அப்படி வெளிநாட்டுப் படங்களுக்குக் கூலிக்கு ஓட்டுகிறவைதான். 2023 மே மாதம் ஹாலிவுட் எழுத்தாளர்களும் ஜூலையில் நடிகர்களும் வேலைநிறுத்தம் செய்தபோது, இங்கேயும் பாவு வரத்து குறைந்தது.

நானே சிறுமுகையில் சேலை பார்டருக்கு கிராஃப் தாளில் கட்டம் கட்டமாகப் புள்ளி வைத்துத்தான் தொடங்கினேன். அப்புறம் சென்னையில் விளம்பரப் படம், ரோட்டோ (என்னவென்று கீழே சொல்கிறேன்), தனித்தனியாக எடுத்ததை ஒரே காட்சியாகச் சேர்க்கும் காம்போசிட்டிங். இப்போது கோவை மோட்டார் கம்பெனிகளுக்கு, போர்வெல்லுக்குள் பம்பின் இம்பெல்லர் சக்கரம் சுழன்று தண்ணீர் ஸ்டேஜ் ஸ்டேஜாக மேலேறுவதைப் படமாகச் செய்து தருகிறேன். எங்கள் அம்மிச்சி கடைசி வரை நான் டிவி ரிப்பேர் பார்ப்பதாகவே சொல்லிக்கொண்டிருந்தார்.

ஆகவே எத்தனை கம்பெனி என்பதை விடுங்கள். அந்த மூன்றிலும் என்ன வேலை பார்த்தான் என்று கேளுங்கள். "ரோட்டோ, ரோட்டோ, ரோட்டோ" என்று பதில் வந்தால் எனக்கும் கவலைதான். ரோட்டோ என்றால், காட்சியில் இருக்கும் ஆளைச் சுற்றி ஃபிரேம் ஃபிரேமாகக் கோடு போட்டுப் பிரித்தெடுப்பது. நொடிக்கு 24 ஃபிரேம். ஐந்து நொடி ஷாட்டுக்கு 120. காற்றில் பறக்கும் முடி என்றால் கண் பூத்துவிடும். இதில் சுலபமான பகுதியை இப்போது ஏஐ கருவிகளே செய்யத் தொடங்கிவிட்டன. அதே நாற்காலியில் ஐந்து வருடம் உட்கார்ந்திருப்பதுதான் ஆபத்து.

இன்னொரு இன்ஸ்டிடியூட்டுக்கு லட்சக்கணக்கில் கட்டிவிடாதீர்கள், வேலைக்கு உத்தரவாதம் என்று எவ்வளவு அடித்துச் சொன்னாலும் சரி. பிளெண்டர் என்ற மென்பொருள் இலவசம். 2025இல் ஆஸ்கர் வாங்கிய 'ஃப்ளோ' என்ற லாட்வியா நாட்டுப் படம் அதில்தான் செய்யப்பட்டது. பணம் போடுவதாக இருந்தால் நல்ல கிராஃபிக்ஸ் கார்டுக்குப் போடுங்கள். ஆறு மாதம் விட்டுப் பிடியுங்கள்.

சினிமாவை மட்டும் நம்பவும் வேண்டாம். திருப்பூரில் பனியன் சாம்பிளைத் தைக்கும் முன்பே 3டி-யில் காட்டுகிறார்கள். துணி எப்படி விழும், எங்கே மடியும் என்று தறிக்காரர் வீட்டுப் பிள்ளைக்கு யாரும் சொல்லித்தர வேண்டியதில்லை.

பெண் வீட்டாரிடம் மறைக்காதீர்கள். வேலை விட்டு விட்டுத்தான் வரும், கையில் ஆறு மாதச் செலவுக்கு இருப்பு உண்டு என்று சொல்லுங்கள். அந்த இருப்பு இல்லையென்றால் முதலில் அதைச் சேர்க்கட்டும், கல்யாணம் பிறகு.

தறிக்குக் கூட்டிக்கொள்ளலாமா என்றீர்களே, கூப்பிடுங்கள், கையில் கேமராவோடு. ஓடுகிற தறி ஒன்றை முழுதாக 3டி-யில் செய்து, வேலை கேட்கும்போது காட்டும் டெமோ ரீலில் முதலில் வைக்கட்டும். ஊடு நூலைக் கொண்டுபோகும் நாடா பாய்வது, பாவு நூலைத் தூக்கி இறக்கும் விழுது ஏறி இறங்குவது எல்லாம் வரட்டும். பாவு நூல் ஒன்று அறுந்து துவண்டு விழும் அந்த நொடியும் அதில் இருக்க வேண்டும். கஷ்டமான ஷாட் அது. வேலைக்கு ஆள் எடுக்கிற சூப்பர்வைசருக்கு அதன் அருமை தெரியும்.