மௌனப் படத்தில் ஆட்கள் ஏன் துள்ளித் துள்ளி ஓடுகிறார்கள்? மட்டக்களப்பின் கல்லடிக் கடற்கரையில் 1919இன் மௌனப் படமான ‘மேல் அண்ட் ஃபீமேல்’ திரையிட என்ன செய்ய வேண்டும்?

பழுது வேகத்தில்தான். அக்காலப் படங்கள் பெரும்பாலும் விநாடிக்கு 16 முதல் 20 சட்டகம் (ஃபிரேம்) வரை, கையால் சுழற்றி எடுக்கப்பட்டவை. இன்றைய வழக்கமான 24இல் ஓட்டினால் ஒன்றரை மடங்கு வரை விரையும்.

கணினியில் படம் ஓட்டும் வி.எல்.சி. செயலியில் வேகத்தை 0.67 (16 சட்டகம்), 0.75 (18), 0.83 (20) என்று மாற்றிப் பாருங்கள். நாயகி குளோரியா சுவான்சன் பன்னீரில் குளிக்கும் காட்சியை வைத்துச் சோதிக்கலாம்: பணிப்பெண்களின் நடையும் தண்ணீரின் அசைவும் இயல்பாகத் தெரிந்தால் சரி. இதில் பிசகினால் படமே போச்சு. நாயகியான சீமாட்டிக்கும் வீட்டுப் பட்லருக்கும் இடையிலான ஆசை, சொல்லாமல் நிற்கும் பார்வையில்தான் இருக்கிறது. விரைந்தால் சனம் சிரிக்கும். சில புதுப்பித்த பிரதிகளில் வேகம் ஏற்கெனவே திருத்தப்பட்டிருக்கும், அவற்றைத் தொடாதீர்கள்.

காட்சிகளுக்கு இடையே வசனம் காட்டும் எழுத்து அட்டைகளை ஒருவர் மைக்கில் தமிழில் வாசிக்கட்டும். வேகம் குறைந்தால் அட்டையும் கூடுதல் நேரம் நிற்கும், அவசரப்படத் தேவையில்லை. ஆர்மோனியம் ஒன்று போதும், பாட்டு வேண்டாம். திரையின் கீழ் விளிம்பை மணல் மூட்டையோடு கட்டுங்கள். கடற்காற்றில் துணி உப்பினால் முகங்கள் நெளியும்.