வர்ணனைக் குரல் இசையில் அமுங்கினால்

நீங்கள் இசையமைக்கும் முதல் உலகப் போர் ஆவணப்படத்தில் வர்ணனை இசைக்குள் அமுங்குகிறது, ஒலியைக் குறைத்தால் இசை உயிரில்லாமல் போகிறது என்று எழுதியிருந்தீர்கள். ஒலியளவை விடுங்கள், சிக்கல் வயலினில் இருக்கிறது. சொற்களின் தெளிவு பெரும்பாலும் 1000 முதல் 4000 ஹெர்ட்ஸுக்குள் (நொடிக்கு அத்தனை அதிர்வுகள்) அடங்கும். உச்ச சுரங்களில் ஓடும் உங்கள் வயலின் மெட்டும் அங்கேயே வந்து மோதுகிறது. பேச்சு வரும்போது மெட்டை நிறுத்தி, செல்லோவில் (வயலின் குடும்பத்தின் பெரிய, கனத்த குரல் வாத்தியம்) ஒரே ஒரு நீண்ட கீழ்ச்சுரத்தைப் பிடித்து வையுங்கள். வர்ணனையாளர் மூச்சு வாங்கும் இடைவெளியில் வயலின் நாலு சுரம் பேசட்டும், போதும்.

அப்புறம், பதுங்குகுழியில் சிப்பாய் கேமராவை நிமிர்ந்து பார்க்கும் ஷாட் சொன்னீர்களே, அங்கே இசையே வேண்டாம். அந்த முகத்துக்கு நாம் சோகம் ஊட்டத் தேவையில்லை. வர்ணனை இறுதியாகப் பதிவான பிறகு இசை வரும் நேரங்களை ஒருமுறை சரிபாருங்கள். அதுவரை வைத்து வேலை செய்யும் தற்காலிகக் குரலின் இடைவெளிகள் கட்டாயம் மாறும்.