ஜார் போன பிறகு ரஷ்யாவில் ஊருக்குள் யார் சொல் எடுபட்டது?

கேள்வி: 1917 புரட்சிக்குப் பிறகு ரஷ்யாவில் ஒரே நேரத்தில் இரண்டு அரசுகள் இருந்தனவாமே? உள்ளூரில் மக்கள் எதற்குக் கட்டுப்பட்டார்கள்?

இரண்டு என்பது தலைநகரக் கணக்கு. ஊர்ப்பக்கம் போனால் அதற்கு மேலேயே இருந்தன.

1917 மார்ச்சில் ஜார் ஆட்சி விழுந்ததும் அப்போதைய தலைநகரான பெத்ரோகிராதில் தவ்ரிசெஸ்கி அரண்மனை என்ற ஒரே கட்டடத்துக்குள் இரண்டு அதிகாரங்கள் முளைத்தன. டூமா என்ற நாடாளுமன்றத்தின் உறுப்பினர்கள் முன்னின்று அமைத்த தற்காலிக அரசு ஒன்று, தொழிலாளர்களும் சிப்பாய்களும் தேர்ந்தெடுத்த பிரதிநிதிகளின் சபையான சோவியத் இன்னொன்று. கெரன்ஸ்கி என்ற அரசியல்வாதி இரண்டிலும் இருந்தார்! அங்கே நீதி அமைச்சர், இங்கே துணைத் தலைவர்.

தற்காலிக அரசு அமைவதற்கு முந்தின நாளே சோவியத் சிப்பாய்களுக்குத் தன் முதல் ஆணையைப் போட்டுவிட்டது. டூமாவின் ராணுவக் கமிஷன் சொல்வது சோவியத் சொல்வதற்கு முரண்படாவிட்டால் மட்டும் கேளுங்கள், ஆயுதங்கள் சிப்பாய் கமிட்டிகளின் பொறுப்பில் இருக்கட்டும் என்றது அது. படை, ரயில், தபால், தந்தி எல்லாம் சோவியத் கையில், அது விடுகிற அளவுக்குத்தான் எங்கள் உத்தரவு நடக்கிறது என்று அதே மாதம் போர் அமைச்சர் குச்கோவே தளபதி அலெக்ஸேயெவுக்குக் கடிதம் எழுதினார்.

நான் மூணாறுக்காரன். 2015 செப்டம்பரில் எஸ்டேட் பெண்கள் 20 சதவீத போனஸ் கேட்டு ரோட்டில் உட்கார்ந்தபோது பெரிய சங்கத் தலைவர்களைக் கிட்டவே விடவில்லை. ஆபீசும் கொடியும் தலைவர்களிடம், கூட்டம் முழுக்கப் பெண்கள் பக்கம். அது புரட்சி இல்லைதான். ஆனாலும் குச்கோவ் கடிதம் எனக்குச் சட்டென்று புரிந்ததற்கு அதுதான் காரணம்.

சரி, ஊருக்கு வருவோம். பிரதமர் லுவோவ் பழைய கவர்னர்களை நீக்கிவிட்டு, ஜில்லா போர்டு மாதிரியான ஜெம்ஸ்த்வோக்களின் தலைவர்களைக் கமிசார்களாக்கினார், அதாவது அரசின் உள்ளூர்ப் பிரதிநிதிகளாக்கினார். பலரும் நிலச்சுவான்தார்கள். குடியானவன் மதிப்பானா? நகரங்களில் நகர டூமா என்ற நகரசபை, பொதுக் கமிட்டி, சோவியத், ஆலைக் கமிட்டி என்று ஆளாளுக்கு உத்தரவு போட்டார்கள். பழைய போலீஸ் கலைந்த இடத்தில் நகரக் காவல்படை ஒன்று, தொழிலாளர் காவல்படை ஒன்று. கிரோன்ஷ்தாத் கடற்படைத் தளமோ மே மாதம் 'இங்கே சோவியத் மட்டும்தான் அதிகாரம்' என்றே அறிவித்தது.

கிராமத்தில் அரசு, சோவியத் என்ற இரண்டு பக்கத்தையும் விட ஊர்க்கூட்டத்துக்குத்தான் செல்வாக்கு. குத்தகையைக் குறைத்தார்கள், பண்ணையார் காட்டில் மரம் வெட்டினார்கள், மேய்ச்சலுக்கு மாட்டை ஓட்டினார்கள். நிலப் பிரச்சினைக்கு அரசியல் நிர்ணய சபை கூடும்வரை பொறுங்கள் என்று அரசு சொல்லிக்கொண்டே இருந்தது. தடுக்கப் படை அனுப்பலாம் என்றால், சிப்பாய்களே குடியானவன் வீட்டுப் பிள்ளைகள்.

நவம்பரில் ஆட்சியைப் பிடித்த லெனினின் போல்ஷ்விக்குகள் பண்ணை நிலங்களை உள்ளூர் நிலக் கமிட்டிகளிடமும் விவசாயிகள் சோவியத்துகளிடமும் ஒப்படைத்து ஆணை போட்டபோது, பல ஊர்களில் நிலம் ஏற்கெனவே கைமாறியிருந்தது.