ஒரு தவணை வாத்தியார்

கேள்வி: அமெரிக்காவில் மாநிலச் சட்டமன்றத்துக்குத் தேர்வான முதல் கறுப்பினத்தவர் அலெக்சாண்டர் ட்வைலைட் என்று சென்ற இதழில் பாராட்டி எழுதியிருந்தீர்கள். 1836-இல் ஒரே ஒரு முறை உறுப்பினராக இருந்தார். எதற்காகப் போனாரோ அந்தக் காரியத்திலும் தோற்றுத் திரும்பினார். ‘முதல்’ என்ற பட்டம் ஒன்றே புகழுக்குப் போதுமா?
(வாசகர், கும்பகோணம்)

பதில்: போதாது. அந்தப் பட்டத்தை ஓரமாக வைத்துவிட்டே பேசுவோம்.

1795-இல் வெர்மான்ட் மாநிலத்தில் பிறந்தவர் ட்வைலைட். சின்ன வயதிலேயே பக்கத்துப் பண்ணையில் ஒப்பந்த வேலைக்கு விடப்பட்டார். அதிலிருந்து விடுபட்டுப் பள்ளிக்கூடத்தில் போய் உட்கார்ந்தபோது அவருக்கு வயது இருபது. அந்த வயதில் சின்னப் பிள்ளைகளோடு பெஞ்சில் உட்கார எவ்வளவு வைராக்கியம் வேண்டும்! ஆறு வருடம் அங்கே படித்தார். அப்புறம் மிடில்பரி கல்லூரி. 1823-இல் பட்டம்.

1829-இல் பிரவுனிங்டன் என்ற சிற்றூருக்குத் தலைமை ஆசிரியராக வந்தார். ஆண் பிள்ளைகளும் பெண் பிள்ளைகளும் சேர்ந்து படித்த பள்ளி அது. வெளியூர்ப் பிள்ளைகள் தங்க இடமில்லை. விடுதி கட்டப் பணம் கேட்டார். பள்ளி நிர்வாகிகள் கையை விரித்துவிட்டார்கள். மனிதர் சும்மா இருக்கவில்லை. தானே பணம் திரட்டி, கருங்கல்லிலேயே நாலு மாடி எழுப்பினார். கல் தூக்க அவர் வைத்திருந்தது ஒரு காளைமாடு என்றும், சுவர் உயர உயர மாடும் சாரத்தில் மேலே ஏறியது என்றும் அந்த ஊரில் ஒரு கதை உண்டு. கதை எப்படியோ, கட்டடம் இன்றும் நிற்கிறது. உள்ளே இப்போது அருங்காட்சியகம்.

1836-இல் விடுதி வேலை முடிந்தது. அதே வருடம்தான் ஊர் அவரைச் சட்டமன்றத்துக்கு அனுப்பியது. அன்று வெர்மான்ட்டில் ஊருக்கு ஒரு உறுப்பினர். பள்ளிக்கென்று ஒதுக்கிய நிலங்களிலிருந்து வரும் குத்தகைப் பணத்தில்தான் பிரவுனிங்டன் பள்ளி நடந்தது. கிராஃப்ட்ஸ்பரி என்ற இன்னொரு ஊரும் அதில் பங்கு கேட்டது. இருக்கிற பணத்தைப் பிரித்தால் இரண்டு பள்ளியும் இளைத்துப்போகும் என்பது ட்வைலைட்டின் வாதம். சபை ஏற்கவில்லை, பணம் பிரிந்தது. நியாயம் முழுக்க அவர் பக்கம் என்று நான் சொல்ல மாட்டேன். கிராஃப்ட்ஸ்பரி பிள்ளைகளும் பிள்ளைகள்தானே. ஆனால் அவர் போனது பதவிக்காக அல்ல, அந்த ஒரே ஒரு வழக்குக்காக. அது முடிந்ததும் வகுப்பறைக்குத் திரும்பிவிட்டார். அரசியலையே தொழிலாகக் கொண்டவர்களைத் தவணைக் கணக்கில் அளக்கலாம். இவரை அந்தப் படியால் அளந்தால் எப்படி?

அந்த வருடத்தையும் கொஞ்சம் நினைத்துப் பாருங்கள். 1836 மே மாதம் வாஷிங்டனில் மக்களவை ஒரு தீர்மானம் போட்டது: அடிமை முறையை எதிர்த்து எந்த மனு வந்தாலும் விவாதிக்காமல் ஒதுக்கி வைப்பது. மனுவைப் பேசக்கூடத் துணியாத நாடு. அதே நாட்டின் வடகோடியில், வெள்ளைக்கார விவசாயிகள் நிறைந்த ஒரு சிற்றூர், நம் பள்ளிக்காகப் பேச இவர்தான் சரியான ஆள் என்று ஒரு கறுப்பினத்தவரைத் தேர்ந்தெடுத்தது. அடுத்து கறுப்பினத்தவர் மாநிலச் சட்டமன்றத்துக்குத் தேர்வானது 1866-இல், மாசசூசெட்ஸில். நடுவில் முப்பது வருடமும் ஓர் உள்நாட்டுப் போரும் கடந்துபோயிருந்தன.

தோற்றவர் என்கிறீர்கள். 1847-இல் நிர்வாகிகளோடு ஒத்துப்போகாமல் அவர் கனடாவின் கியூபெக் பக்கம் போய்விட்டார். அவர் இல்லாத பள்ளி தள்ளாடியது. 1852-இல் திரும்பி வந்தார். மறுபடியும் அதே பள்ளி, அதே வேலை. 1855-இல் பக்கவாதம் வந்து படுக்கும்வரை பாடம் நடத்தினார். 1857-இல் காலமானார். அவரை அடக்கம் செய்ததும் பிரவுனிங்டனில்தான்.